திரையில் சிந்திய குருதி: ‘பானி அண்ட் கிளைட்’ எழுப்பிய விவாதம்

ஆர்தர் பென் இயக்கி, வாரன் பேட்டி தயாரித்து நடித்து, 1967ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் வெளியான ‘பானி அண்ட் கிளைட்’ என்னும் அமெரிக்கத் திரைப்படம், திரையில் காட்டப்படும் வன்முறையை எந்த அளவுகோலைக் கொண்டு மதிப்பிடுவது என்ற கேள்வியை, அந்நாட்டின் விமர்சகர்கள் எவரும் ஒதுங்கிப் போக முடியாதபடி முன்வைத்தது. அந்தக் கேள்விக்கு விடை சொன்னவர்களுள் ஒருவர், இருபத்தேழு ஆண்டுகளாகத் தாம் வகித்த பொறுப்பிலிருந்து அந்த ஆண்டின் இறுதியில் விலக நேர்ந்தது; மற்றொருவர் ஒரே வாரத்தில் தம் தீர்ப்பைத் தாமே மாற்றி எழுதினார்; இன்னொருவர் எழுதிய நெடுங்கட்டுரை அமெரிக்கத் திரைப்பட விமர்சனத்தின் போக்கையே திசைதிருப்பியது. அரை நூற்றாண்டுக்கு மேல் கடந்துவிட்ட அந்த வாதங்களை இன்று எடுத்துப் படிக்கும்போது, ஒரு படத்தில் எவ்வளவு குருதி சிந்துகிறது என்று கணக்கிடுவதைவிட, சிந்துகிற குருதி யாருடையது என்றும், அதைப் பார்க்கும் மனிதரை அப்படம் யாருடைய பக்கத்தில் நிறுத்துகிறது என்றும் கேட்பதே பயன்தரும் விசாரணை என்பது புலப்படுகிறது.

படத்தின் மூலக்கதை உண்மையில் நடந்தது. 1929இல் நியூயார்க் பங்குச்சந்தை சரிந்ததைத் தொடர்ந்து தொழிற்சாலைகள் மூடப்பட்டு, வங்கிகள் நொடித்து, கடனைக் கட்ட இயலாத உழவர்களின் வீடும் நிலமும் வங்கிகளின் கைக்குப் போன காலத்தை வரலாற்றாசிரியர்கள் பெருமந்தம் என்று குறிப்பிடுவர். டெக்சஸ் மாநிலத்தின் டாலஸ் நகரில் வறுமை மிகுந்த பகுதியில் வளர்ந்த கிளைட் பாரோவும், உணவகத்தில் பரிமாறும் வேலை பார்த்திருந்த பானி பார்க்கரும் 1930இல் அங்கு சந்தித்துக்கொண்டனர். அடுத்த சில ஆண்டுகளில் அவர்களுடைய கூட்டம் பெட்ரோல் நிலையங்களிலும் மளிகைக் கடைகளிலும் சிறு வங்கிகளிலும் கொள்ளையடித்தது. அக்கூட்டத்தின் கையால் மாண்டவர்கள் ஏறத்தாழ பதின்மூன்று பேர் என்றும், அவர்களுள் பெரும்பாலோர் காவலர்கள் என்றும் கணக்கிடப்படுகிறது. 1933இல் மிசோரி மாநிலத்து ஜாப்ளின் நகரில் அவர்கள் விட்டுவிட்டு ஓடிய வீட்டில் கழுவப்படாத படச்சுருள்கள் கிடைத்தன. வாயில் சுருட்டும் கையில் துப்பாக்கியுமாகப் பானி விளையாட்டாக நின்ற படம் செய்தித்தாள்களில் அச்சாகி நாடெங்கும் பரவியபோது, அவர்கள் உயிரோடிருந்த நாளிலேயே அவர்களைப் பற்றிய கட்டுக்கதை தொடங்கிவிட்டது. 1934 மே 23 அன்று லூசியானா மாநிலத்தின் நாட்டுப்புறச் சாலையொன்றில், ஃபிராங்க் ஹேமர் என்ற முன்னாள் டெக்சஸ் ரேஞ்சரின் தலைமையில் பதுங்கியிருந்த ஆறு அதிகாரிகள் அவர்கள் வந்த ஃபோர்டு காரின்மீது நூற்றுக்கும் மேற்பட்ட குண்டுகளைச் சுட்டு இருவரையும் கொன்றனர். அப்போது கிளைடுக்கு வயது 25, பானிக்கு 23.

அதே 1934ஆம் ஆண்டின் நடுப்பகுதியில்தான், ஹாலிவுட் தயாரிப்பு நிறுவனங்கள் தமக்குத் தாமே விதித்துக்கொண்ட ஒழுக்க விதிகள் முழு வலிமையோடு நடைமுறைக்கு வந்தன. 1930இல் வகுக்கப்பட்டுச் சில ஆண்டுகள் ஏட்டளவில் கிடந்த அந்தத் தயாரிப்பு விதித்தொகுப்பின்படி, குற்றவாளியின் மீது பார்வையாளருக்குப் பரிவு பிறக்கும்படி படம் அமையக்கூடாது. குற்றம் செய்யும் முறை விளக்கமாகக் காட்டப்படக்கூடாது. கொலை கொடூரமாகச் சித்திரிக்கப்படக்கூடாது. அரசு நேரடியாகத் தணிக்கை செய்யப் புகுவதற்கு முன் தொழில்துறை தானே போட்டுக்கொண்ட வேலி அது. அந்த வேலிக்குள், சுடுபவரை ஒரு காட்சித்துண்டிலும், அதை வெட்டி அடுத்த துண்டில் மார்பைப் பிடித்துக்கொண்டு சரிபவரையும் காட்டுவது வழக்கமாயிற்று. துப்பாக்கி வெடிப்பதும் உடல் துளைபடுவதும் ஒரே சட்டகத்தில் நிகழ்வதில்லை. முப்பது ஆண்டுகளாக அமெரிக்கத் திரையில் ஆயிரக்கணக்கானோர் இவ்வாறு குருதியின்றிச் செத்தார்கள். 1966இல் விதிகள் பெருமளவு தளர்த்தப்பட்டபோது, அந்தப் பழைய மரணத்தின் பொய்ம்மையை உடைக்கக் காத்திருந்தவர்களுள் ஒருவர் ஆர்தர் பென்.

திரைக்கதையை எழுதிய ராபர்ட் பென்டனும் டேவிட் நியூமனும் ‘எஸ்குயர்’ இதழில் பணியாற்றியவர்கள். ஒரே படத்திற்குள் கேலியும் கொலையும் காதலும் முன்னறிவிப்பின்றி மாறிமாறி வரும் பிரெஞ்சுப் புதிய அலைப் படங்களின் மீது தீராத பற்றுக் கொண்டவர்கள். அதனால் அவர்கள் முதலில் நாடியது அவ்வலையின் இயக்குநர்களுள் ஒருவரான பிரான்சுவா த்ரூஃபோவையே. அவர் ஆர்வம் காட்டியும் வேறு படத்திற்குச் சென்றுவிட, கதையை வாங்கிய வாரன் பேட்டி அதை ஆர்தர் பென்னிடம் ஒப்படைத்தார். டெக்சஸின் சிற்றூர்களில் படமாக்கப்பட்ட அதில் பேட்டி கிளைடாகவும், ஃபே டனவே பானியாகவும், ஜீன் ஹாக்மன் கிளைடின் அண்ணனாகவும், எஸ்டெல் பார்சன்ஸ் அண்ணியாகவும், மைக்கேல் ஜே. பொல்லார்ட் கார் ஓட்டும் சி. டபிள்யூ. மாஸ் என்ற இளைஞனாகவும் நடித்தனர்.

விவாதம் முழுவதும் இரண்டு காட்சிகளைச் சுற்றியே சுழன்றது என்பதால் அவற்றைச் சற்று விரிவாகப் பார்ப்பது தேவை. முதலாவது, படத்தில் நிகழும் முதற்கொலை. பானியும் கிளைடும் ஒரு வங்கிக்குள் கொள்ளையடித்துக் கொண்டிருக்கையில், வெளியே தயாராகக் காத்திருக்க வேண்டிய மாஸ், காலியிடம் ஒன்றைக் கண்டதும் இரு கார்களுக்கிடையே தன் காரைப் பொறுப்பாக நுழைத்து நிறுத்திவிடுகிறான். பணத்தோடு ஓடிவந்தவர்கள் ஏறியபின், முன்னும் பின்னும் இடித்து இடித்துக் காரை வெளியே எடுக்க அவன் படும் பாடு திரையரங்கைச் சிரிப்பில் ஆழ்த்துகிறது. பின்னணியில் துள்ளும் பான்ஜோ இசை அந்தச் சிரிப்பை இன்னும் தூண்டுகிறது. அதற்குள் வங்கியிலிருந்து ஓடிவந்த முதியவர் ஒருவர் காரின் பக்கப்படியில் தாவி ஏறித் தொற்றிக்கொள்கிறார். பதறிய கிளைட் சன்னல் கண்ணாடி வழியே அவர் முகத்தில் சுடுகிறான். வெடித்த துப்பாக்கி, நொறுங்கிய கண்ணாடி, குருதி வழியும் முகம் எல்லாம் கண்ணிமைக்கும் நேரத்தில், பார்வையாளரின் முகத்துக்கு நேரே நிகழ்கின்றன. தொல்காப்பியர் நகை, அழுகை, இளிவரல், அச்சம் என்று தனித்தனியே வகுத்துச் சொன்ன மெய்ப்பாடுகளுள், ஒன்று அடங்குமுன் மற்றொன்றை மூட்டிவிடுவதே இக்காட்சியின் உத்தி. சிரித்த வாய் மூடுவதற்குள் ஒருவர் செத்துவிடுகிறார். அந்தச் சிரிப்புக்குத் தாமும் பொறுப்பாளி என்ற உணர்வு பார்வையாளரைக் கூச வைக்கிறது. கொலைக்குப் பின் மூவரும் ஒரு திரையரங்கில் ஒளிந்திருக்கையில், திரையில் பணத்தைக் கொண்டாடும் பாடல் ஓட, கிளைட் மாஸைக் கடிந்துகொண்டிருக்க, பானி மட்டும் அந்தப் பாடலில் லயித்து அமர்ந்திருக்கிறாள். இந்தச் சில நிமிடங்களில், கனவுலகத்தை விற்கும் திரைப்படத் தொழிலையும் சேர்த்தே பென் குற்றக்கூண்டில் ஏற்றிவிடுகிறார்.

இரண்டாவது, இறுதிக் காட்சி. சாலையோரத்தில் பழுதான வண்டியோடு நிற்பதாக நடிக்கும் மாஸின் தந்தைக்கு உதவக் கிளைட் காரிலிருந்து இறங்குகிறான். புதரிலிருந்து பறவைகள் திடுமென எழுந்து பறக்கின்றன; ஆபத்தை உணர்ந்த இருவரும் ஒருவரையொருவர் ஒருமுறை பார்த்துக்கொள்கின்றனர்; பிறகு குண்டுமழை. நான்கு கேமராக்களை வெவ்வேறு வேகத்தில் ஓடவிட்டுப் பென் இக்காட்சியைப் பதிவுசெய்தார். வழக்கத்தைவிட மிகுதியான வேகத்தில் படச்சுருளை ஓடவிட்டு, அதை இயல்பான வேகத்தில் திரையிட்டால் அசைவுகள் மெதுவாகத் தோன்றும். இதுவே ஸ்லோமோஷன் எனப்படுவது. நடிகர்களின் உடையின் அடியில், மின்கம்பியால் இணைக்கப்பட்ட சிறு வெடிமருந்துப் பொதிகளையும் செயற்கைக் குருதியையும் பொருத்தி, அவை வெடிக்கும்போது உடலைக் குண்டு துளைப்பது போன்ற தோற்றம் உண்டாக்கப்பட்டது. மெதுவான அசைவுகளையும் இயல்பான வேகத்து அசைவுகளையும் துண்டு துண்டாக வெட்டி இணைத்தவர் டீடி ஆலன் என்ற படத்தொகுப்பாளர். அவர் கைவண்ணத்தில், துள்ளித் துடிக்கும் பானியின் உடலும் தரையில் உருளும் கிளைடின் உடலும் அச்சமும் அழகும் கலந்த ஒரு நடனம் போல ஆகிவிடுகின்றன. கிளைடின் தலையிலிருந்து ஒரு துண்டு பிய்ந்து பறப்பதைக் காட்டியபோது, 1963இல் டாலஸ் நகரில் சுட்டுக் கொல்லப்பட்ட அதிபர் கென்னடியின் மரணத்தை மனத்தில் கொண்டிருந்ததாகப் பென் பிற்காலத்தில் கூறினார். சுடுதல் ஒரு நிமிடத்துக்குள் ஓய்ந்துவிடுகிறது. பின்னர் இசையில்லை, வசனமில்லை. சுட்டவர்கள் மெல்ல நெருங்கி வந்து பார்க்க, படம் சட்டென முடிந்துபோகிறது.

மாண்ட்ரியால் திரைப்பட விழாவில் முதன்முதலில் திரையிடப்பட்டபோது அரங்கு நிறைந்த கைதட்டல் எழுந்ததைக் கண்டு மனம் கசந்தவர், ‘நியூயார்க் டைம்ஸ்’ நாளிதழின் விமர்சகர் போஸ்லி கிரவுதர். 1940 முதல் அப்பொறுப்பிலிருந்த அவருடைய சொல்லுக்கு, ஒரு படத்தின் வருவாயையே கூட்டவும் குறைக்கவும் வல்ல செல்வாக்கு இருந்தது. இரக்கமற்ற கொலைகாரர்களின் செயல்களை மலிவான கோமாளிக் கூத்தாக ஆக்கியிருப்பதாகவும், நகைச்சுவையோடு கொடூரக் கொலைகளைக் கலந்ததில் சுவையும் இல்லை, நோக்கமும் இல்லை என்றும் அவர் எழுதினார். வாசகர்கள் மறுத்து எழுதிய பின்னரும் அவர் தம் கருத்தை மாற்றிக்கொள்ளவில்லை. மீண்டும் மீண்டும் அப்படத்தைச் சாடினார்.

கிரவுதரைக் காலத்தோடு ஒட்டாத ஒரு பழமைவாதி என்று ஒதுக்கிவிடும் வழக்கம் பிற்காலத்தில் வேரூன்றிவிட்டது. அது அவருக்குச் செய்யும் அநீதி. ராபர்ட்டோ ரோசெலினியின் ‘தி மிராக்கிள்’ என்னும் இத்தாலியக் குறும்படத்தை மத நிந்தனை என்று நியூயார்க் தணிக்கையாளர் தடை செய்தபோது, அத்தடையை எதிர்த்து உரக்க எழுதியவர்களுள் அவர் முன்னணியில் நின்றவர். அத்தடையை எதிர்த்த வழக்கில்தான் 1952இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், திரைப்படத்துக்கும் கருத்துரிமைப் பாதுகாப்பு உண்டு என்ற தீர்ப்பை வழங்கியது. அயல்மொழிப் படங்களை அமெரிக்க வாசகர்களிடம் கொண்டுசேர்த்ததிலும் அவருக்குப் பெரும்பங்கு உண்டு. அப்படிப்பட்டவர் 1967 கோடையில் ‘தி டர்ட்டி டஜன்’ போன்ற படங்களில் கொலை ஒரு கேளிக்கையாகிவிட்டதைத் தொடர்ந்து கண்டித்து வந்தார். அவரது கவலைக்கு வலுவான காரணம் இருந்தது. அந்த ஜூலை மாதத்தில் நியூவார்க் நகரில் வெடித்த கலவரத்தில் 26 பேரும், டெட்ராய்ட் நகரில் 43 பேரும் மாண்டிருந்தனர். தெருவில் பிணம் விழும் நாட்டில், கொலையைக் கண்டு ஓர் அரங்கமே சிரித்துக் கைதட்டுவது எங்கே கொண்டுபோய் விடும் என்று ஒரு பொறுப்புள்ள விமர்சகர் கேட்டது தவறாகாது. அவர் தவறியது, அந்தச் சிரிப்பைப் படம் எங்கே கொண்டுபோய் நிறுத்துகிறது என்பதை உற்றுப் பார்க்காமல் விட்டதில்தான்.

‘நியூஸ்வீக்’ இதழின் ஜோ மார்கன்ஸ்டெர்னும் முதலில் படத்தை இகழ்ந்தே எழுதினார். பிறகு பொதுமக்களோடு அமர்ந்து இன்னொருமுறை பார்த்தபோது, தாம் கண்டித்த அதே இடங்கள் அரங்கை எப்படி உலுக்கி மௌனமாக்குகின்றன என்பதை உணர்ந்து, அடுத்த வார இதழிலேயே தம் முந்தைய மதிப்பீடு நியாயமற்றது என்று வெளிப்படையாக அறிவித்து, படத்தைப் பாராட்டி இரண்டாவது விமர்சனம் எழுதினார். விமர்சகர்கள் தம் தீர்ப்பைத் திருத்திக்கொள்வது எந்த மொழியிலும் அரிது என்பதால், அச்செயல் இன்றளவும் நினைவுகூரப்படுகிறது. ‘சிகாகோ சன்டைம்ஸ்’ நாளிதழின் திரைப்பட விமர்சகராகி ஆறு மாதம்கூட நிறையாத ரோஜர் ஈபர்ட் படத்தைக் கொண்டாடினார். ஆகஸ்டில் படத்தைத் தாழ்த்திய ‘டைம்’ இதழோ, டிசம்பரில் அதையே அட்டைப்படக் கட்டுரையாக்கிப் புதிய திரைப்படத்தின் வருகையாக வரவேற்றது.

எனினும் விவாதத்தைப் பிறர் எட்டாத ஆழத்துக்குக் கொண்டுசென்றவர் பாலின் கேல். அப்போது நிலையான வேலையின்றிப் பல இதழ்களுக்கு எழுதிக்கொண்டிருந்த அவருடைய நெடுங்கட்டுரையை ‘தி நியூ ரிபப்ளிக்’ இதழ் வெளியிட மறுத்துவிட, ‘தி நியூயார்க்கர்’ இதழ் 1967 அக்டோபர் 21 அன்று வெளியிட்டது. ஓடித் திரியும் காதலர்களான குற்றவாளிகளைப் பற்றிய படங்கள் ஹாலிவுட்டுக்குப் புதியவை அல்ல என்பதிலிருந்து அவர் தொடங்குகிறார். 1937இல் ஃபிரிட்ஸ் லாங் எடுத்த ‘யூ ஒன்லி லிவ் ஒன்ஸ்’ படத்தின் நாயகன் செய்யாத கொலைக்குத் தண்டிக்கப்படுபவன்; எனவே அவன்மீது இரக்கம் கொள்வதில் பார்வையாளருக்கு மனத்தடை இல்லை. ‘பானி அண்ட் கிளைட்’ அந்தச் சாக்கை வழங்க மறுக்கிறது. இவர்கள் குற்றமற்றவர்கள் என்று அது சொல்வதில்லை. தவறு சமூகத்துடையது என்று பழியைத் தள்ளிவிடவும் அனுமதிப்பதில்லை. தம்மைப் போலவே ஆசையும் அசட்டுத்தனமும் உள்ள இளைஞர்களோடு பார்வையாளரைச் சேர்த்து உட்காரவைத்து, அவர்கள் விளையாட்டாகத் தொடங்கியது எப்படிக் கொலையாகிறது என்பதைக் கண்ணெதிரே காட்டிவிடுகிறது. கிரவுதர் எதைக் குற்றமாகக் கண்டாரோ, அந்த நகையும் கொலையும் கலந்த தன்மையையே கேல் படத்தின் பொருளாகக் கண்டார். குருதியும் காயமும் வெளிப்படத் தெரிய வேண்டியது அவசியம் என்றும், மரணத்தைச் சுத்தமாகவும் வலியற்றதாகவும் காட்டிய பழைய படங்களே உண்மையில் பொய் சொன்னவை என்றும் அவர் வாதிட்டார். அழகான நடிகர்கள் நடித்திருப்பதால் பார்ப்பவர்கள் வங்கிக் கொள்ளைக்குக் கிளம்பிவிடுவார்கள் என்ற அச்சத்தை அவர் ஏற்கவில்லை. கலையின் மீது அப்படியொரு பொறுப்பைச் சுமத்தினால், மனிதரின் இருண்ட பக்கங்களைப் பற்றி எதையுமே படைக்க முடியாமல் போகும் என்பது அவர் நிலைப்பாடு.

அக்கட்டுரைக்குப் பின் ‘தி நியூயார்க்கர்’ கேலைத் தன் நிலையான விமர்சகராக அமர்த்திக்கொண்டது. கிரவுதர் ‘நியூயார்க் டைம்ஸ்’ விமர்சகர் பொறுப்பிலிருந்து விலகினார். பத்துப் பிரிவுகளில் ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்ட படம், ஒளிப்பதிவுக்காகப் பர்னெட் கஃபிக்கும் துணை நடிப்புக்காக எஸ்டெல் பார்சன்ஸுக்கும் விருது பெற்றுத் தந்தது. பானி அணிந்த பெரே தொப்பி இளம்பெண்களின் நாகரிகமாயிற்று. இந்தக் கடைசிச் செய்தி சிறிதாகத் தோன்றினாலும், கிரவுதரின் அச்சத்தில் ஒரு பகுதியேனும் உண்மையாயிற்று என்பதற்குச் சான்றாக நிற்கிறது: குண்டுதுளைத்த உடலைவிடத் தொப்பியை நினைவில் கொண்டு வெளியேறியவர்களும் இருந்தனர்.

திரையில் காணும் வன்முறை நடத்தையாக மாறுமா என்ற கேள்வியை அறிவியலாளர்களும் அக்காலத்தில் ஆராய்ந்து வந்தனர். ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் உளவியலாளர் ஆல்பர்ட் பண்டூரா 1961இலும் 1963இலும் வெளியிட்ட ஆய்வுகளில், காற்றடைத்த பொம்மையொன்றைப் பெரியவர் அடித்து உதைப்பதை நேரிலும் படச்சுருளிலும் கண்ட குழந்தைகள், பின்னர் அதே பொம்மையை அதே முறையில் தாக்கினர். பார்த்ததைக் குழந்தைகள் பின்பற்றிச் செய்வார்கள் என்பதை இது நிறுவியது; ஆனால் அடிப்பதற்கென்றே செய்த பொம்மையை உடனடியாக அடிப்பதிலிருந்து, வளர்ந்த மனிதர் பல நாள் கழித்து இன்னொரு மனிதரைத் தாக்குவது வரையுள்ள தூரம் பெரிது; அந்தத் தூரத்தை அளப்பதில்தான் ஆய்வாளர்கள் இன்றுவரை வேறுபடுகின்றனர். 1968இல் மார்ட்டின் லூதர் கிங்கும் ராபர்ட் கென்னடியும் அடுத்தடுத்துக் கொல்லப்பட்டபின், வன்முறையின் காரணங்களை ஆராய அதிபர் ஜான்சன் ஓர் ஆணையம் அமைத்தார். அது ஊடகங்களையும் விசாரணைக்கு உட்படுத்தியது. அதே ஆண்டு நவம்பர் 1 அன்று பழைய விதித்தொகுப்பு கைவிடப்பட்டு, பார்வையாளரின் வயதுக்கேற்பப் படங்களை வகைப்படுத்தும் முறை வந்தது. எதைக் காட்டலாம் என்ற கேள்வி, யாருக்குக் காட்டலாம் என்ற கேள்வியாக மாறியது.

வேலி அகன்றபின் வந்த படங்கள் கேலின் வாதத்துக்கே சோதனையாயின. சாம் பெக்கின்பா 1969இல் எடுத்த ‘தி வைல்டு பஞ்ச்’ பென்னின் உத்திகளை மேலும் நீட்டித்து, நகரத்துத் தெருவிலும் கோட்டை முற்றத்திலும் பெருங்கொலைகளை நிகழ்த்திக் காட்டியது. ஸ்டான்லி கூப்ரிக் 1971இல் எடுத்த ‘எ கிளாக்வொர்க் ஆரஞ்ச்’ படத்தில், வீடு புகுந்து பெண்ணைத் தாக்கும் இளைஞன் பாடிக்கொண்டே அதைச் செய்கிறான். நியூயார்க் விமர்சகர்களின் அமைப்பு அதை அந்த ஆண்டின் சிறந்த படமாகத் தேர்ந்தெடுத்தது. பாலின் கேலோ அதைக் கடுமையாக எதிர்த்தார். தாக்குபவனைக் கவர்ச்சியானவனாகவும், தாக்கப்படுபவர்களை அருவருப்பூட்டும் கேலிச்சித்திரங்களாகவும் படைத்ததன் மூலம், வலியுறுபவர்மீது இரக்கம் பிறக்கும் வழியையே கூப்ரிக் அடைத்துவிட்டார் என்பது அவர் குற்றச்சாட்டு. திரைக்கொடுமையைக் கண்டு அருவருப்பதாகச் சொன்னாலே தணிக்கையாளர் பக்கம் சாய்ந்தவராகக் கருதப்படுவோம் என்று அஞ்சி விமர்சகர்கள் வாய்மூடி இருப்பதையும் அவர் கண்டித்தார். முன்பு வன்முறைக்காக வாதிட்டவர் பின்பு மனம் மாறினார் என்று இதைச் சிலர் பொருள் கொண்டனர். கூர்ந்து படித்தால் இரண்டு கட்டுரைகளிலும் அளவுகோல் ஒன்றே என்பது தெரியும். அடிபடுபவர் திரையில் மனிதராக இருக்கிறாரா என்பதே அது. ஒரு படத்தைத் தடை செய்யக் கோருவதும் அதைத் தீயது என்று சொல்வதும் வெவ்வேறு செயல்கள் என்பதைக் கேல் அளவுக்குத் தெளிவாக அக்காலத்தில் உரைத்தவர்கள் மிகச் சிலரே.

அந்த அளவுகோலை ‘பானி அண்ட் கிளைட்’ மீதே திருப்பி வைத்துப் பார்க்கும்போது, அக்காலத்து விமர்சகர்கள் போதிய அழுத்தத்துடன் பேசாமல் விட்ட ஒன்று வெளிப்படுகிறது. காரின் பக்கப்படியில் தொற்றிய முதியவருக்கு முகம் உண்டு. அவர் சாவு கனக்கிறது. நாயகனுக்கும் நாயகிக்கும் நான்கு கேமராக்களின் பரிவு கிடைக்கிறது. குறுக்கே வந்து சுடப்பட்டு விழும் காவலர்களுக்கோ பெயரில்லை, முகமில்லை, வீடில்லை. 1934 ஏப்ரல் 1, ஈஸ்டர் ஞாயிறு அன்று, டெக்சஸின் கிரேப்வைன் ஊருக்கருகே சாலையோரம் நின்ற காரை விசாரிக்க நெருங்கிய இரண்டு இளம் ரோந்துக் காவலர்கள் அக்கூட்டத்தால் சுட்டுக் கொல்லப்பட்டனர். அவர்களுள் ஒருவருக்குச் சில நாளில் திருமணம் நடக்க இருந்தது. அந்நாளில் பொதுமக்களின் பரிவு பானி, கிளைட் இருவரையும் விட்டு விலகத் தொடங்கியதற்குப் பெருங்காரணமான இந்நிகழ்வு படத்தில் இல்லை. ஃபிராங்க் ஹேமரையோ படம், அக்கூட்டத்திடம் பிடிபட்டு, கைவிலங்கிடப்பட்டுப் படமெடுத்து அவமதிக்கப்பட்டு, அந்த வன்மத்தால் பழிதீர்ப்பவராகக் காட்டுகிறது. அப்படி ஒரு சம்பவம் நடக்கவே இல்லை. அந்த இறுதிநாள் வரை ஹேமர் அவர்களை நேரில் சந்தித்ததில்லை. அவருடைய மனைவி தயாரிப்பாளர்கள்மீது வழக்குத் தொடுத்தார். அது நீதிமன்றத்துக்கு வெளியே சமரசத்தில் முடிந்தது.

மரணத்துக்கு அதன் கனத்தைத் திருப்பிக் கொடுத்த படம் என்று கேல் சொன்னது சரி; அந்தக் கனத்தை அது எல்லோருக்கும் சமமாகப் பங்கிடவில்லை என்பதும் சரி. படத்தின் கலைத்திறத்தை உணர முடியாமல் போன கிரவுதர், கொல்லப்பட்டவர்கள் மறக்கப்படுகிறார்கள் என்ற உறுத்தலை மட்டும் சரியாகவே உணர்ந்திருந்தார். இன்றும் குருதி தெறிக்கும் படங்கள் வரும்போதெல்லாம், தடை கேட்கும் கூட்டத்துக்கும் விசில் அடிக்கும் கூட்டத்துக்கும் இடையே மூன்றாவது நிலை ஒன்று இருப்பதே மறந்துபோகிறது. படத்தை ஓடவிட்டு, முழுவதும் பார்த்து, அதில் செத்தவர்களுள் எத்தனை பேருக்கு இயக்குநர் முகம் கொடுத்தார் என்று கேட்டு எழுதுவது விமர்சகரின் வேலை. அதைக் கேட்டுப் பார்ப்பது ரசிகருக்கும் உரியது. அந்தக் கேள்வியின்படி, ‘பானி அண்ட் கிளைட்’ அமெரிக்கத் திரையின் மகத்தான படங்களுள் ஒன்று. கிரேப்வைன் சாலையில் விழுந்த இரண்டு காவலர்களுக்கு அது கடன்பட்ட படமும்கூட.